உதட்டை அமுக்காமல் டிரம்பெட் ஊதுவது எப்படி? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பாளையங்கோட்டை சுற்று வட்டாரத்தில் பேண்டு செட்டில் ஊதுகிறவர்கள், சர்ச் பேண்டில் புதிதாகச் சேர்ந்த பிள்ளைகள், குலசேகரன்பட்டினம் (குலசை) தசராவுக்கு ஒரு மாதம் முன்னால் டிரம்பெட்டைக் கையில் எடுத்துவிட்டு "குலசைக்குப் போறதுக்குள்ள வந்துருமா?" என்று கேட்கும் பையன்கள், எல்லாரும் என்னிடம் கேட்பது சுற்றிச் சுற்றி உதட்டைப் பற்றித்தான். கேள்விகளை ஏறக்குறைய வந்தபடியே போட்டிருக்கிறேன். என் கட்சி எது என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஒருவருக்கு உதடு நன்றாக அமைந்திருக்கிறதா என்று பார்க்க அவரை மேல் நோட்டு ஊதச் சொல்ல மாட்டேன். மெல்லிசாக, பக்கத்து அறையில் தூங்கும் பிள்ளை முழிக்காத அளவுக்கு, ஒரு நீள நோட்டு ஊதச் சொல்வேன். அது வந்தால் மற்றதெல்லாம் வரும்.

எம்பஷர் எம்பஷர் என்கிறார்களே, உதட்டை எப்படி வைக்கிறோம் என்பது மட்டும்தானா அது?

உதடு மட்டும் இல்லை. கடைவாய், முகவாய், கன்னம், பல்வரிசை, நாக்கு நிற்கும் உயரம், மவுத்பீஸ் (டிரம்பெட்டில் உதடு படுகிற கிண்ண முனை) எந்த இடத்தில் உட்காருகிறது, எவ்வளவு அழுத்தத்தில் உட்காருகிறது, இவை எல்லாம் சேர்ந்ததுதான் எம்பஷர். இதற்குப் பின்னால் காற்று இருக்கிறது, அது சரியில்லை என்றால் மேலே சொன்ன எதைச் சரிசெய்தும் பிரயோசனம் இல்லை.

நம்ம ஊரில் நாதஸ்வரம் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இதை விளக்குவது சுலபம். நாதஸ்வர மேதை காருகுறிச்சி அருணாசலம் (1921–1964) பிறந்த மண் இது, சீவாளி என்றால் என்ன என்று யாருக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை. நாதஸ்வரத்தில் அதிர்வது வாயில் வைக்கிற அந்தச் சீவாளி, உதடு அதைப் பிடித்துக் கட்டுப்படுத்துகிறது. டிரம்பெட்டில் சீவாளி என்று தனியாக எதுவும் கிடையாது, உங்கள் உதடேதான் சீவாளி. சாதாரணமாகப் புழங்கும் பி ஃபிளாட் டிரம்பெட்டில் கீழே இருக்கும் சாதாரண சி (சி, ஜி எல்லாம் மேல்நாட்டு முறையில் ஸ்வரப் பெயர்கள்) ஊதும்போது உதடு நொடிக்கு ஏறக்குறைய 233 தடவை திறந்து மூடுகிறது. அடுத்த சி-க்கு 466. அதற்கும் மேல் சி-க்கு 932. அவ்வளவு வேகமாக ஒரு சதை ஆட வேண்டும் என்றால் அதை நசுக்கி வைக்கலாமா? அதுதான் கேள்வியே.

முதல் நாள் உதட்டை எப்படி வைத்துத் தொடங்குவது?

"அம்மா" என்று சொல்லப் போய் நடுவில் "ம்" என்கிற இடத்தில் நிறுத்துங்கள். இரண்டு உதடும் சும்மா தொட்டுக்கொண்டிருக்கும், பல் உள்ளே லேசாக விலகியிருக்கும். அங்கேதான் தொடக்கம். இப்போது கடைவாய் இரண்டையும் கொஞ்சம் உறுதியாக்குங்கள், அதாவது பக்கவாட்டில் இழுக்காமல் இருக்கிற இடத்திலேயே கெட்டியாக்க வேண்டும். முகவாய் தட்டையாக, கீழ்நோக்கி நீண்ட மாதிரி இருக்கட்டும், அதில் கொட்டாங்கச்சி மாதிரி சுருக்கம் விழக்கூடாது. நடு உதடு மட்டும் தளர்வாக விடப்பட வேண்டும், ஏனென்றால் ஆட வேண்டியது அதுதான்.

சிரிக்கிற மாதிரி உதட்டை இழுத்து வைப்பது பழைய பேண்டுகளில் சொல்லிக்கொடுத்த முறை. இழுத்தால் உதடு மெலிந்து விறைப்பாகும், சீக்கிரம் மேல் நோட்டு வரும், அதனால்தான் பலருக்கும் அதில் ஆசை. ஆனால் மெலிந்த உதடு மவுத்பீஸ் விளிம்புக்கும் பல்லுக்கும் நடுவில் மெத்தை இல்லாமல் மாட்டிக்கொள்ளும், அரை மணி நேரத்தில் செத்துப்போகும், சத்தமும் கீச்சென்று இருக்கும். உதட்டைச் சுற்றி வட்டமாக ஓடும் தசை நடுவை நோக்கிக் குவிய வேண்டும், கடைவாயில் வந்து சேரும் கன்னத்துத் தசைகள் அதை வெளியே இருந்து தாங்க வேண்டும். இரண்டும் சமமாக இழுத்துப் பிடிக்கும்போது நடுவில் சுதந்திரமான ஒரு சின்ன இடம் மிச்சமாகும்.

கண்ணாடி முன்னால் நின்று பழகுங்கள். ஃபோனில் வீடியோ எடுத்தும் பார்க்கலாம், ஆனால் ஊதும்போதே பார்ப்பதுதான் திருத்துவதற்கு உதவும்.

மவுத்பீஸ் மேல் உதட்டில் எவ்வளவு, கீழ் உதட்டில் எவ்வளவு?

இதில் சண்டையே நடக்கும். மூன்றில் இரண்டு பங்கு கீழே என்பார் ஒருவர், பாதிக்குப் பாதி என்பார் இன்னொருவர், மேலேதான் அதிகம் வேண்டும் என்று மூன்றாமவர். மூன்று விதமாகவும் நன்றாக ஊதுகிற ஆட்கள் உலகத்தில் இருக்கிறார்கள். பல்லின் அமைப்பு, தாடை முன்னால் வருகிறதா பின்னால் போகிறதா, உதட்டின் தடிப்பு இதையெல்லாம் பொறுத்து ஆளுக்கு ஆள் மாறும். பெரும்பாலானவர்களுக்குக் காற்று மவுத்பீஸுக்குள் கொஞ்சம் கீழ்நோக்கிப் போகும், சிலருக்கு மேல்நோக்கி. டிரம்பெட் நேராகத்தான் நீட்டிக்கொண்டிருக்க வேண்டும் என்று அணிவகுப்புக்காகச் சிலர் பிடிவாதம் பிடிப்பார்கள், தாடை பின்வாங்கியவருக்குக் கொஞ்சம் கீழே சாய்ந்தால்தான் வரும் என்றால் சாயட்டும்.

ஒன்று மட்டும் கறாராகச் சொல்வேன்: மவுத்பீஸின் மேல் விளிம்பு மேல் உதட்டின் சிவந்த சதைமேல் உட்காரக் கூடாது. அதற்கு மேலே, தோல் இருக்கிற இடத்தில் உட்கார வேண்டும். சிவந்த சதையில் உட்கார்ந்தால் ஆட வேண்டிய பாகத்தையே பூட்டிவிட்ட மாதிரி ஆகும், காயமும் அங்கேதான் வரும். இடது வலதாக நடுவில் இருப்பது நல்லது, ஆனால் முன்பல் கோணலாக இருந்தால் துளி ஒதுங்கும், அதற்காகக் கவலைப்பட வேண்டாம்.

அண்ணாச்சி, மேல ஜி வரைக்கும் வருது, அதுக்கு மேல சி வரவே மாட்டேங்கு. அமுக்கினா எப்பவாவது வருது. என்ன செய்ய?

தம்பி, அதிகமாக வரும் கேள்வி இதுதான், கொஞ்சம் நீட்டியே சொல்கிறேன்.

அமுக்கினால் ஏன் வருகிறது? மவுத்பீஸை உதட்டோடு சேர்த்துப் பல்லில் அழுத்தும்போது உதடு விறைத்துப்போகிறது, ஆடும் பாகமும் சின்னதாகிறது, அதனால் சுருதி ஏறுகிறது. செலவு என்ன? அழுத்திய இடத்தில் ரத்த ஓட்டம் குறைகிறது, உதடு மரத்துப்போகிறது, அடுத்த முறை அதே நோட்டுக்கு இன்னும் கூடுதலாக அமுக்க வேண்டியிருக்கிறது. கந்துவட்டி வாங்குகிற கதைதான். ஊர்வலம் முடியும்போது மேல் சி போய்விடும், அப்புறம் ஜி போய்விடும், கடைசிப் பாட்டுக்கு வெறும் காற்று மட்டும் வரும்.

மேல் நோட்டுக்கு உண்மையில் தேவைப்படுவது மூன்று. உதட்டு நடுவில் திறப்பு சின்னதாக வேண்டும், அதைச் செய்வது கடைவாய், மவுத்பீஸ் அல்ல. வாய்க்குள் காற்றழுத்தம் கூட வேண்டும், அதைச் செய்வது வயிறும் விலாவும். நாக்கு முதுகு உயர வேண்டும், "ஆ" என்று சொல்லும் இடத்திலிருந்து "ஈ" என்று சொல்லும் இடத்துக்கு. கவனித்தீர்களா, காற்றின் *அழுத்தம்* கூட வேண்டும் என்றேன், *அளவு* கூட வேண்டும் என்று சொல்லவில்லை. மேல் நோட்டுக்குக் கீழ் நோட்டைவிடக் குறைவான காற்றுதான் செலவாகும். நெஞ்சு வெடிக்க மூச்சை நிரப்பி முகம் சிவக்கத் தள்ளுகிறவர்களுக்கு மேலே வராமல் போவதற்கு இதுவும் காரணம்.

சோதனை ஒன்று. டிரம்பெட் குழாய்மேல் வலது சுண்டுவிரல் மாட்டுவதற்கு ஒரு கொக்கி இருக்கும், விரலை அதிலிருந்து எடுத்துவிடுங்கள். அந்தக் கொக்கி ஒற்றைக் கையில் பிடித்துக்கொண்டு தாள் புரட்டுவதற்கு, இழுத்து அமுக்குவதற்கு அல்ல. விரலை எடுத்ததும் உங்கள் மேல் வரம்பு நாலு நோட்டு இறங்கினால், அந்த நாலு நோட்டையும் உதடு ஊதவில்லை, கை ஊதிக்கொண்டிருந்தது என்று அர்த்தம். சுண்டுவிரல் இல்லாமல் எதுவரை சுத்தமாக வருகிறதோ அதுதான் இன்றைக்கு உங்கள் உண்மையான வரம்பு. அங்கிருந்து அரை ஸ்வரம் அரை ஸ்வரமாக ஏறுங்கள், மெல்லிசாக. ஒரு அரை ஸ்வரம் நிலைக்க சில வாரம் ஆகலாம்.

அதற்காக அழுத்தமே கூடாது என்று இல்லை. காற்று ஓரத்தில் கசியாத அளவுக்கு வேண்டும். டிரம்பெட்டை நூலில் கட்டித் தொங்கவிட்டுக் கையே தொடாமல் மேல் சி ஊதும் வித்தையெல்லாம் வித்தை காட்டுவதற்குத்தான்.

கன்னம் உப்பினால் தப்பா? அமெரிக்க ஜாஸ் டிரம்பெட்காரர் டிஸ்ஸி கில்லெஸ்பி தவளை மாதிரி உப்பிக்கொண்டுதானே ஊதினார்?

ஊதினார், அற்புதமாக ஊதினார். அந்தப் படங்களில் அவருடைய கடைவாயை உற்றுப் பாருங்கள், கன்னம் அவ்வளவு விரிந்தும் அது அசையாமல் நிற்கும். நமக்குக் கன்னம் உப்பினால் கூடவே கடைவாயும் விட்டுப்போகிறது, காற்றின் வேகமும் குறைகிறது. கன்னத்தை ஒட்ட வைத்துப் பழகுங்கள்.

மவுத்பீஸை மட்டும் வைத்து பஸ்ஸிங் செய்வது, அதாவது உதட்டை அதிரவைத்து ஊதுவது, அவசியமா?

உதவும், ஆனால் ஐந்து நிமிடம் போதும். மவுத்பீஸில் ஒரு ராகம் சுத்தமாக வந்தால் காதும் உதடும் சேர்ந்து வேலை செய்கின்றன என்று தெரிந்துகொள்ளலாம். டிரம்பெட்டில் வால்வு அழுத்தினாலே குழாய் ஓரளவுக்கு நோட்டை இழுத்துப் பிடித்துக்கொள்ளும், மவுத்பீஸில் அந்தச் சலுகை கிடையாது. ஊர்வலத்துக்குப் போகிற வேனில் உட்கார்ந்து பழக இது தோது.

மவுத்பீஸும் இல்லாமல் வெறும் உதட்டில் செய்வதை நான் தொடக்கக்காரர்களுக்குச் சொல்வதில்லை. அதற்கு உதட்டை இறுக்கினால்தான் சத்தம் வரும், அந்த இறுக்கத்தோடு டிரம்பெட்டை எடுத்தால் தொண்டை அடைத்த சத்தம்தான் வருகிறது.

தினமும் எவ்வளவு நேரம், என்னென்ன பழக வேண்டும்?

நேரத்தை ஒரேயடியாகக் கொட்டாதீர்கள். இருபது நிமிடமாக இரண்டு அல்லது மூன்று தடவை, இடையில் நன்றாக இடைவெளி விட்டு. ஒவ்வொரு இருபது நிமிடத்திலும் ஊதுகிற நேரம் அளவுக்குச் சும்மா இருக்கும் நேரமும் வேண்டும். ஒரு பயிற்சி ஊதினால், அது எடுத்த நேரத்துக்கு டிரம்பெட்டை மடியில் வைத்துவிட்டு அடுத்ததை மனசுக்குள் பாடிப் பாருங்கள். தசை பலப்படுவது ஓய்வில்தான்.

காலையில் முதலில் நீள நோட்டு. நடு ஜி-யில் தொடங்கி கீழ்நோக்கிப் போங்கள். சத்தம் எவ்வளவு மெல்லிசாகத் தொடங்க முடியுமோ அவ்வளவு மெல்லிசாக, நாக்கைப் பயன்படுத்தாமல் காற்றை மட்டும் விட்டு. முதல் சில நாள் "ஃபூ" என்று வெறும் காற்று வந்து அப்புறம் நோட்டு பிடிக்கும். அந்த இடைவெளி நாள்பட நாள்படக் குறைந்து, காற்று தொட்டதும் நோட்டு பேசும். திறன் என்று நான் சொல்வது இதைத்தான்: குறைந்த காற்றில், குறைந்த இறுக்கத்தில் உதடு உடனே பதில் சொல்வது. சத்தமாக ஊதும்போது இந்தத் தாமதம் தெரியவே தெரியாது, அதனால்தான் பேண்டு செட்டில் பத்து வருடம் ஊதியவருக்கும் இந்தக் குறை ஒளிந்துகொண்டிருக்கும்.

அப்புறம் லிப் ஸ்லர். வால்வைத் தொடாமல் கீழ் சி, ஜி, மேலே உள்ள சி, திரும்ப ஜி, கீழ் சி. நாக்கால் தட்டக்கூடாது, ஒன்றிலிருந்து ஒன்றுக்கு வழுக்க வேண்டும். அதையே 2வது வால்வை அழுத்திக்கொண்டு, பிறகு 1, பிறகு 1-2 என்று அரை அரை ஸ்வரமாக இறங்கி மூன்று வால்வும் அழுத்துகிற இடம் வரை. கண்ணாடியில் பார்த்தால் முகம் அசையவே கூடாது. ஒவ்வொரு நோட்டுக்கும் மவுத்பீஸை நகர்த்துகிற பழக்கம் இருந்தால் இங்கே கையும் களவுமாக மாட்டும்.

மிச்ச நேரத்துக்கு உங்கள் பாட்டு, கீர்த்தனை, சினிமா மெட்டு, என்ன வேண்டுமோ ஊதுங்கள். முடிக்கும்போது மறுபடி கீழ் சி-யை மெல்லிசாக ஒரு தடவை. அது தொடங்கின நேரத்தில் வந்த மாதிரியே வந்தால் நல்லது. வரவில்லை என்றால் அன்றைக்கு அமுக்கி ஊதியிருக்கிறீர்கள்.

பென்சிலை உதட்டில் கவ்விக்கொண்டு நேராகப் பிடிக்கும் பயிற்சியைப் பற்றியும் கேட்பார்கள். கடைவாய்க்கு அது நல்லதுதான், பல் படாமல் பிடிக்க வேண்டும். எனக்கு அதில் பெரிய ஈடுபாடு இல்லை, ஊதுவதற்கு நேரம் கிடைக்காத நாளில் செய்யுங்கள்.

நாக்கை எங்கே தட்ட வேண்டும்?

"து" சொல்லும்போது நாக்கு நுனி போகிற இடம், மேல் முன்பல்லுக்குப் பின்னால். உதட்டுக்கு நடுவில் நாக்கை நீட்டித் துப்புகிற மாதிரி தட்டுகிறவர்கள் நிறையப் பேர், அப்படிச் செய்தால் ஒவ்வொரு தட்டுக்கும் உதட்டுத் திறப்பு கலைந்து மறுபடி கூட வேண்டியிருக்கும். வேகமாகப் போகும்போது "துகு துகு" என்று நாக்கின் பின்பாகமும் சேர்ந்துகொள்ளும், ஆனால் அது பிற்பாடு.

கோவில் கொடை, தசரா, சப்பரப் பவனி என்று விடிய விடிய ஊத வேண்டியிருக்கிறது. அங்கே போய் மெல்லிசாக ஊதவா முடியும்?

முடியாது, சரிதான். சுடலைமாடன் கோவிலில் சாமக்கொடை, பக்கத்திலேயே நையாண்டி மேளம், ரெண்டு செண்டை, அதற்கு மேல் ஸ்பீக்கர். குலசையில் பத்துக் குழு ஒரே தெருவில். உவரியில் கடற்காற்று. இதில் நம்ம டிரம்பெட்தான் கேட்க வேண்டும் என்கிற வெறி எல்லாருக்கும் வரும், அந்த வெறியில்தான் கை தானாக அமுக்கும்.

சில யோசனைகள். ஊர்வலத்தில் இரண்டு டிரம்பெட் இருந்தால் பல்லவியை ஒருவர், சரணத்தை ஒருவர் என்று பிரித்துக்கொள்ளுங்கள். இரண்டு பேரும் சேர்ந்து எல்லாவற்றையும் மேல் ஸ்தாயியில் ஊதுவது வீண். சாக்ஸபோனோ கிளாரினெட்டோ கூட இருந்தால் இடையில் வருவதையெல்லாம் அவர்களிடம் விட்டுவிடலாம். பாட்டுக்கு மேல் பாட்டாக அடுக்காமல் நடுவில் டிரம்ஸ் மட்டும் போகிற மாதிரி ஒரு பகுதியை மாஸ்டரிடம் கேட்டு வாங்குங்கள், கூட்டத்துக்கும் ஆட அதுதான் பிடிக்கும். ரொம்ப மேலே இருக்கும் பாட்டுகளை வரிசையாக வைக்காதீர்கள், ஒன்றுக்கும் அடுத்ததற்கும் நடுவில் கீழே இருக்கும் ஒரு பாட்டு.

இடைவெளி கிடைத்தால் உதட்டைக் குதிரை மாதிரி "ப்ர்ர்ர்" என்று தளர்வாக ஆட்டுங்கள், ரத்தம் திரும்ப வரும். நடந்துகொண்டே ஊதும்போது குண்டுங்குழியில் கால் விழுந்தால் மவுத்பீஸ் பல்லில் இடிக்கும், முழங்காலைக் கொஞ்சம் இளக்கமாக வைத்து நடங்கள். வண்டிமேல் நின்று ஊதுகிறவர்கள் பிரேக் போடும்போது எச்சரிக்கை, அதில் முன்பல் போனவர்கள் உண்டு.

சத்தம் கூட வேண்டும் என்றால் காற்றைக் கூட்டுங்கள், உதட்டுத் திறப்பைக் கொஞ்சம் அகலவிடுங்கள், டிரம்பெட்டின் வாயைத் தரையைப் பார்க்காமல் ஆட்கள் இருக்கும் பக்கம் திருப்புங்கள். டிரம்பெட்டின் கணீர் சத்தம் நேர்முன்னால்தான் போகும், தார் ரோட்டைப் பார்த்து ஊதினால் ரோட்டுக்குத்தான் கேட்கும். பாதிப் பேருக்கு இந்த ஒன்றைத் திருத்தினாலே கத்தி ஊத வேண்டிய தேவை போய்விடுகிறது.

மறுநாள் காலையில் உதடு வீங்கித் தடித்துப்போகிறது. ஊதலாமா?

லேசான விறைப்பு என்றால், நடு ஸ்தாயியிலும் கீழேயும் மெல்லிசாகப் பத்து நிமிடம் ஊதினால் இளகும். வீக்கம் கண்ணுக்குத் தெரிகிற அளவு என்றால் அன்றைக்கு ஓய்வு, துணியில் சுற்றிய ஐஸை விட்டு விட்டு ஒற்றலாம். வட்டமாக மவுத்பீஸ் தடம் விழுவது எல்லாருக்கும் உண்டு, கொஞ்ச நேரத்தில் மறைந்துவிடும். மறையாமல் நின்றால் அமுக்கல் ஜாஸ்தி.

சுரீர் என்று ஒரு இடத்தில் குத்துவது, திடீரென்று உதட்டுக்குள் ஒரு பள்ளம் தட்டுப்படுவது, நன்றாக வந்துகொண்டிருந்த நோட்டு ஒரே நாளில் காணாமல்போய்த் திரும்பாமல் இருப்பது, இவை வேறு. வட்டத் தசை உள்ளே கிழிந்திருக்கலாம். ஜாஸ் டிரம்பெட் மேதை லூயி ஆம்ஸ்ட்ராங் 1930களில் உதட்டுக் காயத்தால் மாதக்கணக்கில் ஊதாமல் இருக்க நேர்ந்தது, 'ஸாட்ச்மோ' என்கிற அவருடைய பட்டப்பெயரை வைத்தே இந்தத் தசைக் கிழிவுக்கு மருத்துவத்தில் ஸாட்ச்மோ சிண்ட்ரோம் என்று பெயர். இப்படி எதாவது என்றால் அடுத்த கொடைக்கு அட்வான்ஸ் வாங்கியாச்சு என்று யோசிக்காமல் ஆஸ்பத்திரிக்குப் போங்கள். முகத் தசைகளைப் பற்றித் தெரிந்த பிளாஸ்டிக் சர்ஜன் பார்ப்பது நல்லது.

எந்த மவுத்பீஸ் வாங்கலாம்?

பாக் கம்பெனியின் 7சி அளவு அல்லது அதற்கு ஒத்தது. புது டிரம்பெட்டோடு பெரும்பாலும் அதுதான் வரும், அதன் உள்விட்டம் சுமார் 16.2 மில்லிமீட்டர். பலரும் ஆசைப்படும் 3சி சுமார் 16.3. பத்தில் ஒரு பங்கு மில்லிமீட்டர் வித்தியாசம், விளிம்பின் வடிவமும் மாறுவதால் உதட்டுக்கு அது பெரிதாகத் தெரியும். பாக் கணக்கில் எண் குறையக் குறைய அகலம் கூடும், எழுத்து பின்னால் போகப் போகக் கிண்ணம் ஆழம் குறையும். ஆழம் குறைந்ததில் மேல் நோட்டு வெளிச்சமாகக் கேட்கும், ஆனால் இல்லாத நோட்டை எந்த மவுத்பீஸும் கொடுக்காது. ஒன்றை எடுத்தால் ஒரு வருடமாவது மாற்றாதீர்கள்.

வெள்ளிப் பூச்சு போய்ப் பித்தளை தெரிகிற மவுத்பீஸ் என்றால் சிலருக்கு உதட்டில் அரிப்பும் புண்ணும் வரும். பூச்சு போடக் கொடுங்கள், இல்லை மாற்றுங்கள்.

ஒரே மவுத்பீஸை இரண்டு பேர் மாற்றி மாற்றி ஊதலாமா?

கூடாது. உதட்டுக் கொப்புளம் அப்படித்தான் தொற்றும். டிரம்பெட்டைக் கடன் கொடுங்கள், மவுத்பீஸைக் கொடுக்காதீர்கள்.

என் உதடா, டிரம்பெட்டா, எதில் கோளாறு என்று எப்படிக் கண்டுபிடிப்பது?

நல்ல கேள்வி, இதை முதலிலேயே பார்க்காமல் பிள்ளைகளைத் திட்டுகிறவர்கள் உண்டு. நம்ம பேண்டு செட்டுகளில் கைமாறிக் கைமாறி வந்த டிரம்பெட்டுகள்தான் அதிகம், மீரட்டில் செய்தவை, ஈயம் வைத்து ஒட்டியவை, பத்து வருடமாக வால்வு எண்ணெய் காணாதவை. 2வது வால்வின் சின்ன ஸ்லைடை (இழுக்கக்கூடிய வளைகுழாயை) வால்வு அழுத்தாமல், முழுதாகக் கழற்றிவிடாமல் கொஞ்சம் வெளியே இழுத்துவிட்டு, அப்புறம் வால்வை அழுத்துங்கள். "பொக்" என்று சத்தம் வந்தால் காற்று கசியவில்லை. வரவில்லை என்றால் கசிகிறது. தண்ணீர் விடும் சாவியின் அடியில் இருக்கும் கார்க் தேய்ந்திருந்தாலும் கசியும், அதை விரலால் இறுக்கிப் பிடித்து ஊதிப் பார்த்தால் தெரிந்துவிடும். கசிகிற கருவியில் உதடு பழகினால் அந்தக் கசிவை ஈடுகட்ட அமுக்குவதற்குத்தான் பழகும். இருநூறு ரூபாய்ச் சாமான் மாற்றினால் தீர்கிற விஷயத்துக்கு உதட்டைப் பலி கொடுக்க வேண்டாம்.

கத்திரி வெயிலில் சுருதி ஏறிப்போகிறது, ஆனி ஆடிக் காற்றில் உதடு வறண்டு வெடிக்கிறது. என்ன வழி?

காற்று சூடாக ஆக அதில் ஒலி வேகமாகப் போகும்: 20 டிகிரியில் நொடிக்கு 343 மீட்டர், 40 டிகிரியில் 355 மீட்டர் பக்கம். டிரம்பெட்டின் குழாய் நீளம் சுமார் 148 சென்டிமீட்டர், அது மாறாது, அதனால் சுருதி ஏறும். உதட்டைத் தளர்த்திச் சுருதியை இறக்கப் பார்க்காதீர்கள், டியூனிங் ஸ்லைடை வெளியே இழுங்கள், அது இருப்பதே அதற்குத்தான். கீபோர்டுக்காரர் சுருதியை மாற்ற மாட்டார், நாம்தான் மாற வேண்டும்.

நெல்லையப்பர் ஆனித் தேர் சமயத்துக் காற்று ஈரத்தை உறிஞ்சிவிடும். தண்ணீர் குடிப்பதுதான் மருந்து. இரவில் தேங்காய் எண்ணெய் தடவிப் படுங்கள், ஊதப் போகிற நேரத்தில் தடவாதீர்கள், மவுத்பீஸ் வழுக்கும். உதட்டை நாக்கால் நனைத்து ஊதுவதா, உலர்த்தி ஊதுவதா என்று கேட்டால் எது வேண்டுமானாலும் சரி, நான் நனைக்கிற கட்சி. நனைத்தால் மவுத்பீஸ் தன் இடத்துக்குத் தானாக வழுக்கி வரும், அமுக்கினால் நழுவியும் காட்டிக்கொடுக்கும்.

கல்யாண வீட்டில் சாப்பிட்டுவிட்டு உடனே ஊதலாமா?

வயிறு நிறைந்தால் மூச்சு இறங்காது. அல்வா தின்றுவிட்டு நேராக டிரம்பெட்டை எடுக்கிறவர்களைப் பார்த்தால் எனக்குப் பதறும், நெய் உதட்டில், சர்க்கரை குழாய்க்குள், மறுநாள் வால்வு ஒட்டிக்கொள்ளும். வாயைக் கொப்பளித்து உதட்டைத் துடைத்துவிட்டு ஊதுங்கள். வெற்றிலை பாக்கும் அப்படியே.

நாதஸ்வரம் வாசிக்கிற எனக்கு டிரம்பெட் சீக்கிரம் வருமா?

மூச்சும் காதும் உங்களிடம் ஏற்கெனவே இருக்கிறது, அது பாதி வேலை. உதடுதான் வேறு. சீவாளியைக் கவ்வுகிற பழக்கத்தில் உதட்டை உள்ளே மடிப்பீர்கள், இங்கே மடிக்கக்கூடாது. கமகத்தை உதட்டாலும் காற்றாலும் வளைக்கிற கலை உங்களுக்குத் தெரியும், டிரம்பெட்டில் பாதி வால்வு அழுத்தியும் வளைக்கலாம், அதைப் பார்த்துச் சந்தோஷப்படுவீர்கள். ஒரே நாளில் இரண்டையும் வாசிக்க வேண்டி வந்தால் நடுவில் நல்ல இடைவெளி விடுங்கள்.

எத்தனை வயதில் தொடங்கலாம்? பல்லுக்குக் கம்பி போட்டிருந்தால்?

மேல் முன்பல் விழுந்து புதுப்பல் நன்றாக நின்ற பிறகு, எட்டு ஒன்பது வயதில். சின்னப் பிள்ளைக்குக் கனம் தாங்காது என்றால் கார்னெட்டில் தொடங்கலாம், அது டிரம்பெட் மாதிரியே ஊதுகிற கருவி, கையில் அடக்கமாக இருக்கும். கம்பி போட்டிருந்தாலும் ஊதலாம், பல் டாக்டரிடம் மெழுகு கேட்டு வாங்கி முன்பக்கக் கம்பிமேல் ஒட்டிக்கொள்ள வேண்டும். அமுக்குகிற பிள்ளையாக இருந்தால் கம்பி உதட்டைக் கிழித்துப் பாடம் சொல்லிவிடும். கம்பி கழற்றிய பிறகு சில வாரம் எல்லாம் புதிதாகத் தெரியும், பரீட்சை, பண்டிகை வருகிற நேரத்தில் கழற்ற வேண்டாம் என்று முன்கூட்டியே டாக்டரிடம் பேசிவிடுங்கள்.

இருபது வருடமாக அமுக்கித்தான் ஊதுகிறேன். இப்போது மாற்றலாமா?

வலி இல்லை, கடைசிப் பாட்டு வரை தாங்குகிறது, மெல்லிசாகவும் ஊத முடிகிறது என்றால் எதையும் மாற்றாதீர்கள், பார்க்க எப்படி இருந்தாலும் சரி. தாங்கவில்லை என்றால் மாற்றலாம், ஆனால் சீசன் நடுவில் வேண்டாம். பங்குனி, சித்திரை கொடைகளும் கல்யாண முகூர்த்தங்களும் தசராவும் கிறிஸ்துமஸும் போக நம்ம ஊரில் ஓய்வாகக் கிடைப்பது மார்கழி முடிந்த சில நாட்களும் ஆடியில் கல்யாணம் இல்லாத வாரங்களும்தான், ஆடியிலும் அம்மன் கோவில் கொடை வந்துவிடும். கிடைத்த நாட்களில் ஒரே ஒரு விஷயத்தை மட்டும் தொடுங்கள்: சுண்டுவிரலைக் கொக்கியிலிருந்து எடுப்பது. மவுத்பீஸ் இடம், உதட்டுக் குவிப்பு, நாக்கு எல்லாவற்றையும் ஒரே வாரத்தில் மாற்றப்போனால் பழசும் போய் புதுசும் வராமல் நிற்க நேரிடும். ஒப்புக்கொண்ட நிகழ்ச்சியில் பழைய மாதிரியே ஊதுங்கள், வீட்டில் மட்டும் புது மாதிரி. கொஞ்ச நாளில் வீட்டுப் பழக்கம் தானாக ஊர்வலத்துக்குள் வந்துவிடும், முதலில் கீழ் நோட்டுகளில்.

முன்பல் இரண்டும் போய்விட்டது, பல்செட் வைத்து ஊத முடியுமா?

முடியும். கழற்றி மாட்டுகிற செட் ஆடினால் கஷ்டம், அதனால் அளவு எடுக்கப் போகும்போதே டிரம்பெட்டையும் கொண்டுபோய் டாக்டர் முன்னால் ஊதிக் காட்டுங்கள். பழைய பல்வரிசை எவ்வளவு முன்னால் நின்றதோ அதே அளவு வேண்டும் என்று சொல்லுங்கள், பழைய ஃபோட்டோ இருந்தால் இன்னும் நல்லது. நிலையாகப் பொருத்துகிற பல் வசதிப்பட்டால் அதுதான் மேல். புதுப் பல்லோடு முதல் மாதம் நடு ஜி-க்கு மேலே போகாமல் நீள நோட்டு மட்டும் ஊதுங்கள்.